பீட்டா குளூக்கானும் ஃபியூகாய்டனும் அம்மாவுக்குக் கொடுக்கலாமா?

நீங்கள் கேட்டிருப்பது மேலோட்டமாகப் பார்த்தால் மூன்று கேள்விகள். பெருங்குடல் புற்றுநோய்க்கு அறுவை முடிந்து கீமோ ஓடிக்கொண்டிருக்கும் அம்மாவுக்கு, சொந்தக்காரர் வாங்கி வந்த காளான் பீட்டா குளூக்கான் மாத்திரையையும் பழுப்புக் கடற்பாசியின் ஃபியூகாய்டன் மாத்திரையையும் தரலாமா? இரண்டு டப்பாவிலும் 'இயற்கை பாலிசாக்கரைடு' என்றுதானே போட்டிருக்கிறது, ஒன்று போதாதா? இவ்வளவு பணம் கொடுப்பதற்கு வீட்டிலேயே காளான் குழம்பும் கடல்பாசியும் செய்து கொடுத்தால் ஆகாதா? இந்த மூன்றுக்கும் அடியில் நீங்கள் கேட்காமல் கேட்டிருக்கும் கேள்வி வேறு. விற்பவர் காட்டும் ஜப்பான் ஆராய்ச்சி உங்கள் கையில் இருக்கும் டப்பாவுக்குப் பொருந்துமா என்பதுதான் அது. பெரும்பாலும் பொருந்தாது என்பது என் பதில். ஆனால் 'எல்லாம் ஏமாற்று' என்று ஒரே வரியில் தள்ளிவிடக்கூடிய விஷயமும் இல்லை இது. அதனால்தான் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன்.

முதலில் என்னைப் பற்றி ஒரு வார்த்தை. நான் மருத்துவர் இல்லை. செடி, பாசி, காளான் இவற்றிலிருந்து பாலிசாக்கரைடுகளைப் பிரித்தெடுப்பது, அளப்பது, அவை என்ன என்று கண்டுபிடிப்பது, இதையே இருபது வருஷத்துக்கும் மேலாகச் செய்தவன். டப்பாவுக்குள் என்ன இருக்கிறது, அது உடம்புக்குள் போனால் எதைத் தொடும் என்பது வரை தெம்பாகப் பேசுவேன். உங்கள் அம்மாவின் ரத்த அணுக்கள் இந்த வாரம் எவ்வளவு, அவருக்கு எந்த மருந்து ஒத்துக்கொள்கிறது என்பதெல்லாம் அவருடைய புற்றுநோய் மருத்துவர் சொல்ல வேண்டியது.

பாலிசாக்கரைடு என்றால் சர்க்கரை மூலக்கூறுகள் கோத்த நீளச் சங்கிலி. அவ்வளவுதான். அரிசி மாவும் பாலிசாக்கரைடு, பஞ்சும் பாலிசாக்கரைடு. இரண்டிலும் இருப்பது அதே குளுக்கோஸ்தான். பூக்காரம்மா ஒரே கூடை மல்லிகையை நெருக்கிக் கட்டினால் ஒரு சரம், தளர்த்திக் கட்டினால் வேறு சரம் வருவது போல, குளுக்கோஸை எந்த முனையில் எந்தப் பக்கமாக இணைக்கிறோம் என்பதில்தான் எல்லாமே இருக்கிறது. ஆல்பா 1,4 என்ற இணைப்பு வந்தால் மாவுச்சத்து. வெந்தால் குழையும், நம் உமிழ்நீரே அதை உடைக்கும். பீட்டா 1,4 என்று திரும்பிவிட்டால் செல்லுலோஸ். வேட்டி நெய்யலாம், சாப்பிட்டால் அப்படியே வெளியே வரும். பீட்டா 1,3 என்று இணைந்து, இங்கொன்றும் அங்கொன்றுமாக பீட்டா 1,6 கிளைகள் விட்டால் அதுதான் காளானின், ஈஸ்ட்டின் பீட்டா குளூக்கான். ஓட்ஸிலும் பார்லியிலும் பீட்டா குளூக்கான் என்று ஒன்று இருக்கிறது. அதில் பீட்டா 1,3 இணைப்பும் 1,4 இணைப்பும் கலந்திருக்கும், கிளை கிடையாது. பெயர் ஒன்று, சரக்கு வேறு. ஓட்ஸ் பீட்டா குளூக்கான் நாளுக்கு 3 கிராம் அளவில் கொலஸ்ட்ராலைக் குறைக்கும் என்பதற்கு நல்ல ஆதாரம் உண்டு. அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 1997இலேயே அப்படி லேபிளில் போட அனுமதி கொடுத்தது. அந்த வரியை எடுத்துக் காளான் டப்பாவின் விளம்பரத்தில் ஒட்டியிருப்பதை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் சொந்தக்காரர் அனுப்பிய நோட்டீஸிலும் 'பீட்டா குளூக்கான் இதயத்துக்கு நல்லது' என்று இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அது அநேகமாக ஓட்ஸின் புகழ்.

காளானின் செல் சுவரில் பீட்டா குளூக்கான் தனியாக இருப்பதில்லை. கூடவே கைட்டின் இருக்கும். இறால் ஓட்டிலும் நண்டு ஓட்டிலும் இருக்கிறதே, அதே பொருள்தான். சொல்லப்போனால் கைட்டின் முதலில் கண்டுபிடிக்கப்பட்டதே இறாலில் இல்லை, காளானில்தான். 1811இல் ஹென்றி பிராக்கோனோ என்ற பிரெஞ்சுக்காரர் காளானைக் காரத்தில் வேகவைத்தும் கரையாமல் நின்ற பொருளைப் பிரித்து 'ஃபங்கின்' என்று பெயர் வைத்தார். அதே 1811இல் இன்னொரு பிரெஞ்சுக்காரர், பெர்னார் கூர்த்துவா, கடற்பாசிச் சாம்பலில் அமிலம் சேர்க்கும்போது ஊதா ஆவி கிளம்பியதைப் பார்த்து அயோடினைக் கண்டுபிடித்தார். அந்த அயோடினுக்கு இந்தப் பதிலில் இரண்டு இடத்தில் வேலை இருக்கிறது, பின்னால் வருகிறேன்.

நோய் எதிர்ப்புச் சக்தி என்ற பேச்சு எங்கிருந்து வந்தது? அதற்கு நியாயமான அடிப்படை உண்டு. நம் உடம்பு பீட்டா 1,3 குளூக்கானைத் தயாரிப்பதே இல்லை. அதனால் ரத்தத்திலோ திசுவிலோ அது தென்பட்டால் 'பூஞ்சை உள்ளே நுழைந்துவிட்டது' என்றுதான் உடம்பு எடுத்துக்கொள்ளும். நம் வெள்ளணுக்களில் சிலவற்றின் மேல் இதைப் பிடிப்பதற்கென்றே டெக்டின்-1 என்ற ஒரு ஏற்பி இருக்கிறது. கார்டன் பிரவுன், சைமன் கார்டன் என்ற இருவர் 2001இல் இதை உறுதிப்படுத்தினார்கள். இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. விற்பவர்கள் யாரும் இதைச் சொல்ல மாட்டார்கள். தண்ணீரில் கரைந்த பீட்டா குளூக்கான் அந்த ஏற்பியில் ஒட்டும், ஆனால் மணியை அடிக்காது. துகளாக, ஈஸ்ட் செல்லின் அளவில் வந்தால்தான் வெள்ளணு முழுதாக விழித்துக்கொள்ளும். 2011இல் வந்த ஆய்வுகள் இதைத் தெளிவாகக் காட்டின. ஆக, 'நீரில் கரையும் உயர்தரம்' என்று ஒரு டப்பாவில் போட்டிருந்தால் இந்த ஏற்பியைப் பொறுத்தவரை அது பெருமை இல்லை. துகள் மட்டுமே உசத்தி என்றும் சொல்லிவிட முடியாது. உடம்பில் வேறு ஏற்பிகளும் இருக்கின்றன. எது எந்த வழியில் வேலை செய்கிறது என்பதில் அறிஞர்களுக்குள் இன்னும் ஒருமித்த கருத்து இல்லை.

இப்போது ஜப்பான். இந்தக் கதையைச் சரியாகத் தெரிந்துகொள்ள வேண்டும், ஏனென்றால் மொத்த வியாபாரமும் இதன் தோளில்தான் நிற்கிறது. 1969இல் டோக்கியோவில் கோரோ சிஹாரா குழுவினர் ஷிடாகே காளானிலிருந்து லென்டினான் என்ற பீட்டா குளூக்கானைப் பிரித்து, எலிகளில் ஒட்ட வைத்த கட்டிகள் அதனால் சுருங்குவதைக் காட்டினார்கள். 1985இல் ஜப்பான் அதை இரைப்பைப் புற்றுநோய்க்குக் கீமோவோடு சேர்த்துக் கொடுக்க அனுமதித்தது. உண்மைதான். ஆனால் அது ஊசி. மூன்று இழை முறுக்கிய கயிறு போன்ற அமைப்போடு, சுத்தப்படுத்தி, நரம்பில் ஏற்றும் மருந்து. வாயால் விழுங்கும் காளான் பொடி இல்லை. அந்த ஊசிக்குமே பின்னால் நல்ல செய்தி வரவில்லை. 2016இல் வெளியான ஜப்பானிய ஒப்பீட்டு ஆய்வு ஒன்றில், எஸ்-1 என்ற கீமோ மாத்திரையோடு லென்டினானும் சேர்த்துப் பெற்ற இரைப்பைப் புற்றுநோயாளிகள், மாத்திரையை மட்டும் எடுத்தவர்களைவிட அதிக நாள் வாழவில்லை.

உங்கள் அம்மாவுக்கு இருப்பது குடல் புற்றுநோய் என்பதால் இன்னொரு பெயர்தான் அதிகம் பொருந்தும். பிஎஸ்கே என்பார்கள், கிரெஸ்டின் என்ற பெயரில் 1977 முதல் ஜப்பானில் மருந்தாக இருந்தது. மரக்கட்டைகளில் வான்கோழி வால் போல வரிவரியாக முளைக்கும் டிராமெட்டெஸ் வெர்சிகலர் என்ற காளானின் இழைகளிலிருந்து எடுப்பது. இது வாயால் சாப்பிடும் மருந்துதான், அதனால் 'வாய் வழி போனால் ஒன்றும் நடக்காது' என்று நான் அடித்துச் சொல்லப் போவதில்லை. 1990களில் ஜப்பானில் நடந்த சில ஆய்வுகளில், குடல் புற்றுநோய் அறுவைக்குப் பிறகு கீமோவோடு இதையும் சேர்த்தவர்களுக்குப் பலன் தெரிந்தது. ஆனால் அப்போதைய கீமோ வேறு. ஆக்சாலிபிளாட்டின் போன்ற கீமோ மருந்துகள் வழக்கத்துக்கு வருவதற்கு முந்திய காலம் அது. 2022இல், மருத்துவ ஆய்வுகளைச் சேர்த்து எடைபோடும் காக்ரேன் அமைப்பு இந்தக் காளான் குடல் புற்றுநோயாளிகளுக்குக் கீமோவின் பக்கவிளைவுகளைக் குறைக்கிறதா என்று கிடைத்த ஆய்வுகளையெல்லாம் திரட்டிப் பார்த்தது. உறுதியாக எதையும் சொல்ல முடியாத அளவுக்கு ஆதாரம் பலவீனம் என்றுதான் முடித்தது. கெடுதல் என்று சொல்லவில்லை, நல்லது என்றும் சொல்லவில்லை.

அடுத்து கடற்பாசி. இதில் பெயர்க் குழப்பம் இன்னும் மோசம். தமிழில் 'கடல்பாசி' என்று கடையில் கேட்டால் வெள்ளையாக, மங்கிய பிளாஸ்டிக் இழை போல ஒன்றைக் கட்டுக்கட்டாகத் தருவார்கள். நோன்புக் காலத்தில் பாலோடு காய்ச்சி உறைய வைப்போமே, அது அகர். சிவப்புப் பாசியிலிருந்து வருவது. நம் மன்னார் வளைகுடாவில் பாசி எடுக்கும் பெண்கள் மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப் பாசி என்று சொல்பவை அந்த வகை. அதே கடலில் அவர்கள் கட்டக்கோரை என்று சொல்லும் சர்காசமும், பக்கோடா பாசி என்று சொல்லும் டர்பினேரியாவும்தான் பழுப்புப் பாசிகள். அகர் என்பது கேலக்டோஸ் என்ற வேறொரு சர்க்கரையின் சங்கிலி. பழுப்புப் பாசியில் அது கிடையாது. பழுப்புப் பாசியில் இருப்பவை ஆல்ஜினேட், லாமினரின், ஃபியூகாய்டன் மூன்றும், கொஞ்சம் செல்லுலோஸும். மூன்றுக்கும் வேலை தனித்தனி.

ஆல்ஜினேட்தான் செல் சுவரின் முக்கியச் சரக்கு. காய்ந்த கட்டக்கோரையைத் தண்ணீரில் ஊறப்போட்டு, சலவை சோடா கலந்து சூடு காட்டினால் ஒரு மணி நேரத்தில் பாத்திரம் முழுக்க வெண்டைக்காய்க் கொழகொழப்பு ஏறிவிடும். கரண்டியைத் தூக்கினால் நூல் நூலாகத் தொங்கும். வடிகட்டி, அதைக் கால்சியம் குளோரைடு கரைசலில் சிரிஞ்சால் பீய்ச்சினால் விழுந்த இடத்திலேயே சேமியா போல இறுகிவிடும். புதிதாக வந்த மாணவர்களுக்கு நான் முதல் நாள் காட்டும் வித்தை இதுதான், ஒருவர் கூட முகம் மலராமல் போனதில்லை. 1881இல் ஸ்டான்ஃபோர்ட் என்ற வேதியியலாளர் இதைப் பிரித்தெடுத்தார். பல் மருத்துவர் அச்செடுக்க வாய்க்குள் வைக்கும் மாவு இது. நெஞ்செரிச்சலுக்குக் குடிக்கும் சில திரவ மருந்துகளில் இரைப்பைக்கு மேல் தெப்பம் போல மிதப்பது இது. துணியில் ரியாக்டிவ் சாயம் அச்சடிப்பவர்களுக்குச் சாயப் பசை கெட்டியாக்க இதைவிட்டால் வசதியானது வேறில்லை, ஏனென்றால் மற்ற பசைகள் சாயத்தோடு சேர்ந்து துணியை மொரமொரப்பாக்கிவிடும். இவ்வளவு உபயோகமான பொருளுக்குப் புற்றுநோய் விளம்பரம் கிடையாது.

லாமினரின் பாசியின் சேமிப்பு. நெல்லுக்கு மாவுச்சத்து எப்படியோ, கெல்ப் என்ற பெரிய பழுப்புப் பாசி வகைக்கு லாமினரின் அப்படி. கோடையில் வெயிலில் சேர்த்துவைத்துக் குளிர்காலத்தில் செலவழிக்கும். இதுவும் குளுக்கோஸால் ஆனது, இதிலும் பீட்டா 1,3 இணைப்பு, சில பீட்டா 1,6 கிளைகள்! அதாவது வேதியியல்படி காளான் பீட்டா குளூக்கானின் ஒன்றுவிட்ட தம்பி. ஆனால் சங்கிலி குட்டை; இருபத்தைந்து குளுக்கோஸ் அளவுதான். எளிதில் கரையும், மூன்று இழை முறுக்கு இல்லை. 'இரண்டும் ஒன்றுதானா' என்று நீங்கள் கேட்டதில் பாதி உண்மை இருக்கிறது என்றால் அது இங்கேதான். காளானுக்கும் பழுப்புப் பாசிக்கும் இடையில் உறவுப்பாலம் லாமினரின், ஃபியூகாய்டன் அல்ல.

ஃபியூகாய்டன் முற்றிலும் வேறு சாதி. அதில் முக்கியச் சர்க்கரை குளுக்கோஸே இல்லை, ஃபியூகோஸ். அதன் மேல் சல்ஃபேட் குழுக்கள். 1913இல் ஸ்வீடனில் ஹரால்ட் கைலின் இதை முதலில் விவரித்தார். கெல்ப்பை வெட்டினால் கையில் வழுக்கும் கோழை இருக்கிறதே, அதில் இது உண்டு. நூறு கிராம் காய்ந்த பாசியில் பெரும்பாலும் சில கிராம்தான் தேறும். மெல்லிய அமிலத்தில் மிதமாகச் சூடாக்கி, வடித்து, ஆல்ஜினேட்டை ஒதுக்கி, சாராயம் ஊற்றினால் பழுப்புப் பஞ்சு போல அடியில் இறங்கும். இங்கேதான் எங்கள் தொழிலில் பெரிய தலைவலி. ஒரே கடற்கரையில், ஒரே இனத்தில், ஆடியில் எடுத்த பாசியும் தையில் எடுத்த பாசியும் ஒரே ஃபியூகாய்டனைத் தருவதில்லை. சல்ஃபேட் அளவு மாறும், சங்கிலி நீளம் மாறும், கேலக்டோஸ், மேனோஸ், சைலோஸ் என்று கூட வரும் சர்க்கரைகள் மாறும். பிரித்தெடுக்கும்போது சூடு பத்து டிகிரி கூடினால் சங்கிலி உடையும். ஆகவே 'ஃபியூகாய்டன்' என்பது ஒரு மருந்தின் பெயர் இல்லை, ஒரு குடும்பப் பெயர். ஒருவர் செய்த ஆய்வின் முடிவை இன்னொருவர் விற்கும் பொடிக்கு எழுதுவது, முருகேசன் வாங்கிய பட்டத்தை அவர் சித்தப்பா பையன் தன் பெயருக்குப் பின்னால் போட்டுக்கொள்வது மாதிரி.

ஃபியூகாய்டன் ஆய்வகத் தட்டில் வளர்க்கும் புற்று செல்களைக் கொல்கிறது என்பது உண்மை. நூற்றுக்கணக்கான கட்டுரைகள் இருக்கின்றன. ஆனால் தட்டில் ஊற்றும் அளவு ரத்தத்தில் சேருவதற்கு வழியே இல்லை. இவ்வளவு பெரிய, மின்னூட்டம் கொண்ட மூலக்கூறு குடல் சுவரைத் தாண்டி மிகச் சொற்பமாகத்தான் போகிறது; உடைக்க நம்மிடம் நொதியும் கிடையாது. மனிதர்களில் நடந்தவை சிறிய ஆய்வுகள். ஜப்பானில் 2011இல் குடல் புற்றுநோயாளிகள் 20 பேரை வைத்து நடந்ததில், கீமோவோடு ஃபியூகாய்டன் எடுத்தவர்களுக்கு அசதி குறைவாக இருந்தது. தைவானில் 2017இல் வெளியானதில் பரவிய குடல் புற்றுநோயாளிகள் 54 பேர். நோய் கட்டுக்குள் நின்றவர்களின் விகிதம் ஃபியூகாய்டன் பக்கம் கூடுதல், ஆனால் ஆயுட்காலத்தில் உறுதியான வித்தியாசம் வரவில்லை. இதை நான் 'பார்க்க வேண்டிய குறிப்பு' என்று எடுத்துக்கொள்வேன். விற்பவர் 'நிரூபிக்கப்பட்டது' என்று எடுத்துக்கொள்கிறார்.

சரி, பலன் சந்தேகம், கெடுதல் இல்லை என்றால் கொடுத்துப் பார்ப்போமே என்று தோன்றும். எனக்கும் வீட்டில் ஒருவருக்கு உடம்பு சரியில்லாமல் இருந்தபோது அப்படித்தான் தோன்றியது, அந்த மனசு எனக்குப் புரிகிறது. ஆனால் ஃபியூகாய்டன் விஷயத்தில் மூன்று இடங்களில் தயவுசெய்து நிதானியுங்கள். ஒன்று, சல்ஃபேட் நிறைந்த அமைப்பினால் அது ஹெப்பாரின் என்ற மருந்து போல ரத்தம் உறைவதைத் தாமதப்படுத்தும். வாயால் சாப்பிட்டால் அந்த விளைவு எவ்வளவு என்பது தெளிவில்லை, ஆனால் அறுவைக்குப் பிறகு ரத்தம் கட்டாமலிருக்க மருந்து எடுப்பவருக்கும், கீமோவினால் தட்டணுக்கள் குறைந்தவருக்கும் நான் துணிய மாட்டேன். இரண்டு, அயோடின். சுத்தப்படுத்திய ஃபியூகாய்டனில் குறைவாக இருக்கலாம். 'கடற்பாசி சாறு' என்று விற்கும் பொடியில் தைராய்டைக் குழப்பும் அளவுக்கு இருக்கலாம். அம்மாவுக்குத் தைராய்டு மாத்திரை ஓடுகிறது என்று வேறு எழுதியிருக்கிறீர்கள். மூன்று, ஆர்சனிக். சர்காசம் இனத்தில் ஹிஜிகி என்று ஒரு பாசி. அதில் நச்சுத்தன்மை கூடிய கனிம ஆர்சனிக் அதிகம் என்பதால் பிரிட்டனின் உணவுத் தர அமைப்பு 2004இல் அதைச் சாப்பிட வேண்டாம் என்றே சொன்னது. டப்பாவில் எந்தப் பாசி, ஆர்சனிக் எவ்வளவு என்று போடவில்லையென்றால் அது வாங்கத் தக்க டப்பா இல்லை.

காளான் டப்பாவுக்கு வருவோம். நீங்கள் அனுப்பிய லேபிளில் 'பாலிசாக்கரைடு 40 சதவீதம்' என்றுதான் இருக்கிறது, 'பீட்டா குளூக்கான் இத்தனை' என்று இல்லை. கண்ணுக்குத் தெரியாமல் ஏமாறுவது இந்த இடத்தில்தான். மொத்தப் பாலிசாக்கரைடை அளக்க எல்லோரும் செய்வது ஃபீனாலும் கந்தக அமிலமும் சேர்த்து நிறம் பார்க்கும் சோதனை. அதற்கு எந்தச் சர்க்கரை என்ற பேதமே கிடையாது. அரிசி மாவைப் போட்டாலும் அதே ஆரஞ்சு நிறம் வரும். காளானைப் பல இடங்களில் முளைத்த குடையாக அறுவடை செய்யாமல், அரிசி அல்லது சோளத்தில் இழையாகப் படர விட்டு, தானியத்தோடு சேர்த்து அரைத்துவிடுகிறார்கள். பாலிசாக்கரைடு 40 சதவீதம் என்பது அப்போது பொய் இல்லை, அதில் பாதிக்கு மேல் மாவாக இருக்கலாம் என்பதுதான் விஷயம். அமெரிக்கச் சந்தையில் வாங்கிய 19 ரெய்ஷி காளான் மாத்திரைகளைச் சோதித்து 2017இல் வெளியான ஆய்வில், லேபிளில் சொன்னதோடு ஒத்துப்போனவை 5 மட்டுமே.

வீட்டிலேயே ஒன்று செய்து பார்க்கலாம். மாத்திரைக் கூட்டைத் திறந்து பொடியில் ஒரு சிட்டிகையைக் கால் டம்ளர் வெந்நீரில் கலக்கி, நன்றாக ஆறிய பிறகு, காயத்துக்குப் போடும் அயோடின் திரவத்தில் இரண்டு சொட்டு விடுங்கள். கருநீலமாக மாறினால் உள்ளே மாவு இருக்கிறது. ஆறுவதற்குள் விட்டால் நிறம் வராது, அவசரப்பட வேண்டாம். நண்பர் ஒருவர் கொண்டுவந்த காளான் மாத்திரையை என் சமையல் மேடையில் இப்படிப் பார்த்தபோது டம்ளர் மை கொட்டியது போல ஆனது. பக்கத்து டம்ளரில் வைத்திருந்த, வீட்டில் உலர்த்திய சிப்பிக் காளான் பொடி பழுப்பாகவே நின்றது. இந்தச் சோதனை மாவு இருக்கிறதா என்று மட்டும்தான் சொல்லும். மாவு இல்லாவிட்டால் நல்ல சரக்கு என்று அர்த்தமாகிவிடாது.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் மருத்துவமனையில் இந்தச் சொல் உங்கள் காதில் விழ வாய்ப்பிருக்கிறது. கீமோவில் வெள்ளணு குறைந்து காய்ச்சல் வந்தால், பூஞ்சைத் தொற்றா என்று பார்க்க 'பீட்டா டி குளூக்கான்' என்ற ரத்தப் பரிசோதனை எழுதுவார்கள். நாம் பேசும் அதே பொருளைத்தான் ரத்தத்தில் தேடுகிறார்கள். லாட நண்டின் ரத்தத்திலிருந்து எடுத்த ஒரு சாறு பீட்டா குளூக்கானைக் கண்டால் உறையும். அந்தக் குணத்தை வைத்துச் செய்யும் சோதனை அது. சில வகை கட்டுத் துணிகள், செல்லுலோஸ் டயாலிசிஸ் சவ்வு, இம்யூனோகுளோபுலின் ஊசி, லென்டினான் போன்ற மருந்துகள் எல்லாம் அதில் பொய்யாக 'இருக்கிறது' என்று காட்டக்கூடும். மறுபக்கம், 2021இல் நம்மூரில் பயமுறுத்திய கறுப்புப் பூஞ்சையின் சுவரில் இந்தக் குளூக்கான் போதிய அளவு இல்லாததால் அதை இந்தச் சோதனை பிடிக்காது. அம்மா எந்த மாத்திரை சாப்பிட்டாலும் மருத்துவருக்குத் தெரிய வேண்டும் என்று நான் வற்புறுத்துவதற்கு இதுவும் ஒரு காரணம். திட்டுவாரோ என்று பயந்து மறைக்காதீர்கள். டப்பாவையே கையில் எடுத்துக்கொண்டு போய் மேசையில் வைத்துவிடுங்கள்.

இனி குழம்புக் கேள்வி. கணக்குப் போட்டுப் பார்த்தால் சிரிப்பு வரும். பச்சைக் காளானில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். சிப்பிக் காளானின் காய்ந்த எடையில் ஐந்தில் ஒரு பங்கை ஒட்டி பீட்டா குளூக்கான் இருக்கும். ஆக, நூறு கிராம் காளான் போட்டுக் குழம்பு வைத்தால் அதில் ஏறக்குறைய 2 கிராம். உங்கள் மாத்திரை ஒன்று 500 மில்லிகிராம்; லேபிளை அப்படியே நம்பி நாற்பது சதவீதமும் பீட்டா குளூக்கானே என்று வைத்தாலும் 200 மில்லிகிராம்தான். பத்து மாத்திரையும் நூறு கிராம் காளான் போட்ட குழம்பும் சமம்! குழம்பு புற்றுநோயைக் குணப்படுத்தும் என்று சொல்லவில்லை. அதில் புரதம் இருக்கிறது, ருசி இருக்கிறது, கீமோவில் வாய் கசந்து போனவர் இரண்டு கவளம் கூடச் சாப்பிடுவார், அது பெரிய விஷயம். ஆனால் குடலில் அறுவை நடந்திருக்கிறது. காளானின் கைட்டின் லேசில் செரிக்காது. நார்ப்பொருள் எவ்வளவு தரலாம் என்று அறுவை செய்தவரிடமோ உணவு ஆலோசகரிடமோ கேட்டுவிட்டு, பொடியாக நறுக்கி, நன்றாக வேகவைத்து, கொஞ்சமாக ஆரம்பியுங்கள். வெள்ளணு குறைவாக இருக்கும் நாட்களில் அரைவேக்காட்டுக் காளான், சாலட் எல்லாம் வேண்டவே வேண்டாம். காட்டுக் காளான் எந்த நாளிலும் வேண்டாம்.

என் அம்மாவாக இருந்தால் என்ன செய்வேன் என்று கடைசியில் கேட்டிருக்கிறீர்கள். ஃபியூகாய்டன் டப்பாவைத் தொடவே மாட்டேன்; தைராய்டும் தட்டணுவும் அதற்குப் போதிய காரணம். காளான் டப்பாவைக் கீமோ முடியும் வரை பீரோவில் வைத்துவிட்டு, சொந்தக்காரரிடம் 'டாக்டர் இப்போதைக்கு வேண்டாம் என்றார்' என்பேன். டாக்டரிடம் கேட்டுவிட்டுத்தான் சொல்வேன், பொய்யாக இருக்காது. கடல்பாசியில் பீட்டா குளூக்கானும் இல்லை, ஃபியூகாய்டனும் இல்லை, மருந்துக் கணக்கிலேயே வராது. ஆனால் பாலும் ஏலக்காயும் போட்டுக் காய்ச்சி, மெல்லியதாக ஊற்றி உறையவைத்தால் வாய்ப்புண் இருக்கும்போதும் எரியாமல் இறங்கும். ஆக்சாலிபிளாட்டின் ஏறுகிறது என்றால் ஃப்ரிட்ஜில் வைக்காதீர்கள், அந்த மருந்து எடுக்கும் சில நாட்களுக்குக் குளிர்ந்தது தொண்டையில் பட்டால் சுரீரென்று இழுக்கும். கடல்பாசி வெளியில் வைத்தாலே உறைந்துவிடும், அதே வெதுவெதுப்பில் கொடுங்கள்.